பதினொன்று, பக்கத்தில் ஒரு கேள்விக்குறி

புதன்கிழமை காலை

அன்புள்ள மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். உடம்பைப் பொறுத்தவரை நானும் அம்மாவும் நன்றாகத்தான் இருக்கிறோம், நீயும் மாப்பிள்ளையும் பேரனும் அங்கே ஒரு குறையும் இல்லாமல் இருக்க வேண்டும் என்பதுதான் இங்கே எங்கள் தினசரிப் பேச்சு. எழுத்து வழக்கத்தைவிடப் பெரிதாகவும் வரி சற்றுக் கோணலாகவும் இருப்பதைப் பார்த்து அப்பாவின் கைக்கு ஏதோ ஆகிவிட்டது என்று நினைத்துவிடாதே. மூக்குக்கண்ணாடி உடைந்துவிட்டது, ஏழு வருடம் முந்தைய கண்ணாடியைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டு எழுதுகிறேன், அவ்வளவுதான். அம்மாவின் முழங்கால் வலி முன்னைக்கு இப்போது தேவலை, மாடிப்படி ஏறும்போது மட்டும் ஒவ்வொரு படியையும் தனித்தனியாகத் திட்டிக்கொண்டே ஏறுகிறாள். அண்ணனுக்கு வேலை மாற்றல் வரும்போல் இருக்கிறது, வந்தால் இன்னும் இரண்டு மணி நேரம் தள்ளிப் போய்விடுவான். சமையலறைக் குழாய் ஒழுகுகிறது, பழுது பார்ப்பவர் நாளைக்கு வருகிறேன் என்று சொல்லி இன்றோடு ஒன்பது நாள் ஆகிறது. பேரனுக்குச் சளி விட்டதா, பள்ளிக்கு அனுப்பும்போது காதை மூடி அனுப்பு.

முக்கியமான விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் மற்றதையெல்லாம் எழுதி முடிப்பதற்குள் எனக்குத் தைரியம் போய்விடும். நீ தொகுக்கும் என் படப் புத்தகத்தின் அட்டைக்கு அந்தத் தட்டுப் படத்தை எடுத்து வைத்திருப்பதாகவும், மாதக் கடைசியில் அச்சுக்குப் போய்விடும் என்றும் சொன்னாய். இந்தக் கடிதத்தை முழுவதும் படிக்கும்வரை அந்தப் படத்தை அச்சகத்துக்குக் கொடுக்காதே. அந்தப் படத்தில் ஒரு தவறு இருக்கிறது, கோட்டில் இல்லை, ஆளில். அதில் கையில் தட்டோடு குனிந்து நிற்கிறாரே, அந்தப் பதினொன்றாம் எண் ஆட்டக்காரர், அவர் வருகிற ஞாயிற்றுக்கிழமை நான்கு மணிக்கு நம் வீட்டுக்கு வருகிறார். எதற்கு வருகிறார் என்று நிச்சயமாகத் தெரியவில்லை, தெரியாததால்தான் நேற்றிலிருந்து வாசல் மணி அடித்தாலே நான் பின்கட்டுக்குப் போய்விடுகிறேன். இதைப் போனில் சொல்லியிருக்கலாமே என்பாய். போனை அம்மா ஒலிபெருக்கியில் போட்டுவிடுவாள், அவளுக்கு இது ஒன்றும் தெரியாது. அதோடு எனக்குப் போனில் நம்பிக்கை கிடையாது, அதற்கும் காரணம் இதில்தான் வருகிறது.

முன்னுரைக்காக என் வேலையைப் பற்றி எழுதி அனுப்பச் சொல்லியிருந்தாய், அதையும் இதிலேயே எழுதிவிடுகிறேன், இரண்டும் ஒன்றுதான். நான் படித்தது கணிதம், முதலில் பார்த்த வேலை ஒரு பொறியாளரிடம் வீட்டுப் படம் வரைவது. செய்தித்தாளில் படம் வரைய ஆள் தேவை என்ற விளம்பரத்தைப் பார்த்துப் போனேன். விளையாட்டுப் பக்கப் பொறுப்பாளர் கால்பந்தில் ஒரு கோல் விழுந்த கதையை வாயால் சொல்லி, இதை வரைந்து காட்டுங்கள் என்றார். அளவுகோலை எடுத்து மைதானத்தைப் போட்டு, ஆள் ஓடிய வழிக்கு நேர்கோடு, பந்து போன வழிக்குப் புள்ளிக்கோடு, பந்தோடு வளைந்து வளைந்து ஓடியதற்கு அலைக்கோடு என்று நானாக ஒரு முறை வைத்துக்கொண்டு வரைந்தேன். அவர் பார்த்துவிட்டு, "கோல் போட்டவனுக்கே இப்பத்தான் புரியும்" என்றார். அன்று தொடங்கி முப்பத்தெட்டு வருடம் அந்தக் கோடுகளைத்தான் போட்டேன். ஆட்டப் படம் தினசரி, கேலிச் சித்திரம் வாரம் மூன்று, முகங்கள் கணக்கில்லை. ஒவ்வோர் ஆட்டக்காரருக்கும் ஓர் உறை வைத்திருந்தேன், அதில் அவர் காது எப்படி, தாடை எப்படி, காலுறையை மடிப்பாரா இழுத்து விடுவாரா என்று குறிப்பு இருக்கும். முகத்தில் ஒன்றே ஒன்றைப் பெரிதாக்க வேண்டும், இரண்டைப் பெரிதாக்கினால் யாரோ ஆகிவிடும், இதுதான் எனக்குத் தெரிந்த கலை. ஆனால் நான் ஓர் ஆட்டத்தைக்கூட மைதானத்தில் உட்கார்ந்து முழுதாகப் பார்த்ததில்லை என்பது உனக்குத் தெரியாது. ஒரே ஒரு முறை போனேன். முதல் கோல் விழுந்தபோது கூட்டம் எழுப்பிய சத்தம் தாங்காமல், இடைவேளையிலேயே வீட்டுக்கு வந்து படுத்துவிட்டேன். அதற்குப் பிறகு எல்லாமே போனில் கேட்டு வரைந்ததுதான். அலுவலகத்தில் என்னைக் கடல் பார்க்காத கப்பல் கேப்டன் என்பார்கள்.

மைதானத்திலிருந்து போன் செய்கிற நிருபருக்கு வெண்கலம் என்று பட்டப்பெயர், குரல் அப்படி. அவர் சொல்லச் சொல்ல நான் துண்டுத் தாளில் எழுதிக்கொள்வேன். எழுத்தில் பதினொன்று, பதின்மூன்று என்று பார்த்தால் குழப்பமே இல்லை. பேச்சில், இரைச்சல் நிறைந்த போனில், பதினொண்ணும் பதிமூணும் ஒன்று போலத்தான் காதில் விழும். அதனால் எண் எது வந்தாலும் பிரித்துக் கேட்பேன், ஒண்ணு ஒண்ணா, ஒண்ணு மூணா என்று. ஒரு வாரம் இப்படிக் கேட்டபோது வெண்கலம் எரிச்சலில், "சார், நீங்க படம் வரையறீங்களா இல்ல எனக்கு வாய்ப்பாடு சொல்லித் தர்றீங்களா?" என்று கேட்டது பக்கத்து மேசை வரைக்கும் கேட்டுவிட்டது. எல்லோரும் சிரித்தார்கள். நானும் சேர்ந்து சிரித்தேன். அடுத்த வாரம்தான் அந்த இறுதி ஆட்டம். மழை, சேறு, முடிய ஏழு நிமிடம் இருக்கும்போது கோலுக்கு முன்னால் ஒரே நெரிசல், தற்காத்து நின்ற நம் ஊர் அணியில் ஒருவர் பந்தைத் தன் கோல்காவலருக்குத் தள்ளிவிடப் பார்த்தார், அது சேற்றில் சிக்கிப் பாதியிலேயே நின்றுவிட்டது, எதிரணிக்காரர் எடுத்து உள்ளே அடித்துவிட்டார். ஒன்றுக்குச் சுழியம், கோப்பை போய்விட்டது. எல்லாச் சட்டையும் சேறாகி எண் தெரியவில்லை, புகைப்படமும் சரியாக விழவில்லை. கோட்டுக்குப் பக்கத்திலேயே நின்ற வெண்கலத்துக்கு மட்டும் தெரிந்தது. மாலை ஆறேகாலுக்குப் போன் வந்தது, மழையில் நனைந்து அவருக்குத் தொண்டை கட்டியிருந்தது. பதினொண்ணு என்றுதான் என் காதில் விழுந்தது. பிரித்துக் கேட்க வாயெடுத்தேன். பக்கத்து மேசை ஆட்கள் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கேட்காமல் விட்டுவிட்டேன். துண்டுத் தாளில் பதினொன்று என்று எழுதிப் பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போட்டேன். ஏழு மணிக்குப் பக்கம் முடிய வேண்டும். தாளில் கேள்விக்குறி போடலாம், ஆட்டப் படத்தில் போட இடம் கிடையாது. வட்டத்துக்குள் பதினொன்று என்று எழுதி அதிலிருந்து புள்ளிக்கோட்டை இழுத்துவிட்டேன்.

அதைப் பார்த்துவிட்டுப் பொறுப்பாளர் நாளைக்கு இதையே கேலிச் சித்திரமாகப் போடலாம் என்றார். மறுநாள் காலை பதினைந்தே நிமிடத்தில் வந்தது. உணவு விடுதிப் பணியாளரைப் போல முன்கையில் துவாலை, கையில் தட்டு, தட்டில் பந்து, குனிந்த முதுகு, முகத்தில் ஒரு சிரிப்பு. அந்த முதுகுக் கோட்டை நான் ஒரே இழுப்பில் போட்டேன், பேனா ஓர் இடத்திலும் தயங்கவில்லை. அது நல்ல படம் மகளே, என் படங்களிலேயே நல்ல படம், நீ அட்டைக்கு எடுத்ததில் தவறே இல்லை. எனக்குக் கஷ்டமே அதுதான். ஊர் முழுக்க அதை வெட்டி ஒட்டினார்கள். உனக்கு அப்போது ஒன்பது வயது, பள்ளிக்கு எடுத்துப் போய் என் அப்பா போட்டது என்று காட்டினாய், வீட்டுக்கு வந்து சாப்பாட்டுத் தட்டில் பந்தை வைத்துக்கொண்டு நடந்து காட்டினாய். மூன்றாம் நாள் வெண்கலம் காய்ச்சல் விட்டு அலுவலகம் வந்தார், பேப்பரைப் பிரித்துப் பார்த்துவிட்டு என் மேசைக்கு வந்து மெதுவாக, "நான் பதிமூணுன்னுதானே சொன்னேன்?" என்றார். இரண்டு பேரும் பொறுப்பாளரிடம் போனோம். அவர் கதவைச் சாத்திவிட்டு, "இப்பத் திருத்தம் போட்டா நாம தப்பு பண்ணிட்டோம்னு ஆயிடும், ரெண்டு பேரும் ஒரே டீம்தானே, விடுங்க" என்றார். நான் விட்டுவிட்டேன். முடிவை வேறு ஒருவர் எடுத்துவிட்டாரே என்று எனக்கு அப்போது நிம்மதியாகக்கூட இருந்தது, பொய் சொல்லவில்லை.

பிறகு நடந்ததை நான் பேப்பரில் படித்துத்தான் தெரிந்துகொண்டேன், படித்ததையெல்லாம் நாள் குறித்து எடுத்தும் வைத்திருக்கிறேன். அவர் பந்தைத் தொட்டால் பார்வையாளர்கள் தட்டைத் தூக்கிக் காட்டினார்கள், கரண்டியால் தட்டினார்கள். தட்டில் வைத்துக் கொடுத்தவன் சும்மாவா கொடுத்திருப்பான் என்று ஒரு பேச்சு கிளம்பியது. அது நான் இல்லை என்று அவர் சொன்னதை யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அணியில் வெளியே உட்கார வைத்தார்கள், ஐந்தாவது மாதம் ஆட்டத்தையே விட்டுவிட்டார். வயது இருபத்துநான்கு. வருடக் கடைசியில் அந்தப் படத்துக்காகப் பத்திரிகையாளர் சங்கம் எனக்குக் கேடயம் கொடுத்தது, அதுதான் நம் கூடத்தில் தொங்குவது, படத்தை அதிலேயே பொறித்துக் கொடுத்தார்கள். நான் போய் வாங்கிக்கொண்டேன்.

அவர் மாமா ஒருவரிடம் மூக்குக்கண்ணாடி வேலை பழகி, இருபத்திரண்டு வருடத்துக்கு முன் பக்கத்துத் தெருவிலேயே கடை வைத்தார். பெயர்ப்பலகையைப் பார்த்த அன்றிலிருந்து நான் அந்தத் தெருவில் நடப்பதில்லை. தபால் நிலையத்துக்கு வங்கியைச் சுற்றிப் போவேன், நூலகத்துக்குப் பின்சந்து வழியாகப் போவேன். கண்ணாடி மாற்ற இரண்டு பஸ் மாறி வேறொரு கடைக்குப் போவேன். அம்மா கேட்கும்போதெல்லாம் அங்கே பரிசோதனை நன்றாகச் செய்கிறார்கள் என்று சொல்லிவைத்தேன். போன திங்கட்கிழமை கண்ணாடி கீழே விழுந்து காம்பு முறிந்தது. சனிக்கிழமை நான் பஸ்ஸில் போய்க்கொள்கிறேன் என்றேன். செவ்வாய்க்கிழமை நான் தூங்கும்போது அம்மா அதை எடுத்துக்கொண்டு பக்கத்துத் தெருவுக்கே போய்விட்டாள். வந்து சொன்னாள், "தங்கமான மனுஷன். பேரை எழுதிக்கிட்டாரு. பேப்பர்ல படம் போட்டவரான்னு கேட்டாரு. ஆமான்னேன். கண்ணாடியைக் கையிலயே வச்சுக்கிட்டுக் கொஞ்ச நேரம் நின்னாரு. அப்புறம், பெரியவரை அலைய விட வேண்டாம், ஞாயித்துக்கிழமை நாலு மணிக்கு நானே கொண்டுவந்து சரிபார்த்துக் குடுக்கறேன்னாரு." ஞாயிற்றுக்கிழமை அண்ணன் வீட்டுக்குப் போய் வரலாமா என்று கேட்டுப் பார்த்தேன். "கண்ணாடி இல்லாம அங்க போய் யார் மூஞ்சியப் பார்க்கப் போறீங்க?" என்று கேட்டுவிட்டாள். காய்ச்சல் என்று சொல்லலாம். ஆனால் வீடு இங்கேயேதான் இருக்கிறது, அவருக்கு வீடும் தெரிந்துவிட்டது. நேற்று அந்த வருடத்துக் காகிதக் கட்டைப் பிரித்துத் துண்டுத் தாளைத் தேடினேன், கேள்விக்குறி அப்படியேதான் இருக்கிறது. நான் கற்பனை செய்துகொண்டேனோ என்று ஒரு சந்தேகம் வைத்திருந்தேன், அதுவும் போய்விட்டது. அட்டையிலிருந்து அந்தப் படத்தை எடுத்துவிடு. உள்ளேயும் வேண்டாம். என்ன காரணம் என்று யாராவது கேட்டால் மூலப்படம் கெட்டுவிட்டது என்று சொல்லிவிடு. கடிதத்தை இன்றே அனுப்பலாம் என்றுதான் இருந்தேன், ஞாயிறு கழியட்டும் என்று இப்போது தோன்றுகிறது.

ஞாயிற்றுக்கிழமை மாலை

வந்துவிட்டுப் போய்விட்டார். உடம்பில் அடியில்லை, அதை முதலில் சொல்லிவிடுகிறேன். நடந்ததை வரிசையாக எழுதுகிறேன், எங்காவது எனக்குச் சாதகமாக எழுதியிருப்பதாகத் தெரிந்தால் அந்த இடத்தை நம்பாதே.

சரியாக நான்கு மணிக்கு மணி அடித்தது. நான் எழுந்து போவதற்குள் அம்மா கதவைத் திறந்துவிட்டாள். வயது ஐம்பத்தைந்து, தலை முழுக்க நரை, கையில் ஒரு சின்னப் பெட்டி. வணக்கம் சொன்னார், ஜன்னல் பக்கம் நாற்காலியைப் போட்டு என்னை உட்காரச் சொன்னார், பெட்டியைத் திறந்து கண்ணாடியைத் துடைத்து என் மூக்கில் வைத்தார். இரண்டு காதுக்கும் பின்னால் விரலை விட்டுக் காம்பு எங்கே அழுத்துகிறது என்று பார்த்தார். எந்த முகத்துக்குப் பயந்து இத்தனை வருடம் தெருவைச் சுற்றிப் போனேனோ, அந்த முகம் ஒரு சாண் தூரத்தில் இருந்தது. கழற்றி, திருகைச் சரிசெய்து, மறுபடியும் மாட்டி, "இப்பத் தெளிவா தெரியுதா?" என்றார். தெரிகிறது என்றேன். அவர் திரும்பிக் கூடத்தைப் பார்த்தார், கேடயத்தைப் பார்த்தார், கிட்டே போய் நின்று, "இது நான்தானே?" என்றார். அம்மா தேநீரோடு வந்தவள் அப்படியே நின்றுவிட்டாள்.

நான் நான்கு நாளாக மனப்பாடம் செய்து வைத்திருந்ததைத் தொடங்குவதற்குள் அவரே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "நான் சண்டைக்கு வரலை சார். ஒரே ஒரு விஷயம் தெரிஞ்சுக்கணும். அது நான் இல்லைன்னு உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?" என்று கேட்டார். தெரியாது என்று சொல்லியிருந்தால் அதோடு எழுந்து போயிருப்பார் என்றுதான் நினைக்கிறேன். அந்தச் சொல் நாக்கு வரைக்கும் வந்துவிட்டது. தெரியும் என்றேன். எப்போதிலிருந்து என்று கேட்டார். மூன்றாம் நாளிலிருந்து என்றேன். அவர் தன் கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியால் வெகு நேரம் துடைத்தார். பிறகு சொன்னார், "பாவம், அவருக்குத் தெரியாது, தெரியாமப் போட்டுட்டாருன்னு சொல்லிச் சொல்லித்தான் நான் மனசைத் தேத்திக்கிட்டிருந்தேன். இத்தனை வருஷமும் அது ஒண்ணுதான் எனக்கு." எழுந்து போய்த் துண்டுத் தாளைக் கொண்டுவந்து கொடுத்தேன். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "சந்தேகம் வந்திருக்கே. ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே சார்" என்றார். கேட்டால் சிரிப்பார்கள் என்று பயந்துவிட்டேன் என்று உள்ளதைச் சொன்னேன். "உங்க ஆபீஸ்ல எத்தனை பேர் சிரிச்சிருப்பாங்க? பத்துப் பேரா? எனக்கு மொத்த ஸ்டேடியமும்" என்றார். குரலை உயர்த்தவே இல்லை. உயர்த்தியிருந்தால் தாங்கியிருப்பேன்.

பதின்மூன்றாம் எண்காரர் உயிரோடு இருக்கிறாராம். வருடத்துக்கு ஒரு முறை கண்ணாடி மாற்ற இவர் கடைக்குத்தான் வருவாராம். "ஃப்ரேம் பிடிச்சிருக்கான்னு கேப்பேன். பிடிச்சிருக்கும்பான். அதுக்கு மேல நாங்க பேசிக்கிட்டதில்லை" என்றார். நான் புத்தகத்தைப் பற்றிச் சொன்னேன், என் மகள் தொகுக்கிறாள், அந்தப் படத்தை எடுத்துவிடச் சொல்லி எழுதிவிட்டேன் என்றேன், அதைக் கேட்டால் சமாதானமாவார் என்று நினைத்தேன். அப்போதுதான் அவருக்குக் கோபம் வந்தது. "எடுத்துட்டா? எடுத்துட்டா யாருக்குத் தெரியும்? இப்பவும் வயசானவங்க என் கடைக்கு வந்தா, ஏம்பா தட்டு, என் கண்ணாடி ரெடியான்னுதான் கேக்கறாங்க. படம் இருக்கட்டும் சார். கீழ எழுதுங்க" என்றார். இப்போதே எழுதுங்கள் என்று தன் பேனாவை எடுத்து நீட்டினார். நான் மேசையில் உட்கார்ந்து, இப்படத்தில் எண்ணைக் குறிப்பதில் தவறு நேர்ந்துவிட்டது, அதற்கு வருந்துகிறோம் என்று எழுதிக் கொடுத்தேன். நல்ல வாக்கியம்தான், பத்திரிகையில் முப்பத்தெட்டு வருடம் அப்படித்தான் எழுதிப் பழக்கம். அவர் படித்துவிட்டு, "நேர்ந்துடுச்சா? அதுவாவா நேர்ந்துச்சு? வருந்துகிறோம்னா யார் யாரெல்லாம் வருந்தறீங்க, அம்மாவும் சேர்ந்தா?" என்றார். அம்மா சமையலறை வாசலில் நின்றுகொண்டு, என்னை இதுல இழுக்காதீங்க என்று சொல்லிவிட்டாள். நேர்ந்துவிட்டது என்பதை அடித்துவிட்டுச் செய்தேன் என்று எழுதினேன், வருந்துகிறோம் என்பதை அடித்துவிட்டு வருந்துகிறேன் என்று எழுதினேன். சின்னத் திருத்தம்தான் மகளே, ஆனால் செய்தேன் என்ற அந்த ஒரு சொல்லை மூன்று முறை தொடங்க வேண்டியிருந்தது. பதின்மூன்று என்று எழுதப் போனபோது அவர் கையைப் பிடித்துத் தடுத்துவிட்டார். "அவன் நம்பரைப் போடாதீங்க. நான் இல்லைன்னு போட்டாப் போதும். இன்னொருத்தன் கையில தட்டைக் குடுக்கறதுக்கா நான் வந்தேன்?" என்றார்.

ஐந்தரை மணிக்கு எழுந்தார். தேநீர் ஆறிப்போய் அப்படியே இருந்தது. மன்னித்தேன் என்றும் சொல்லவில்லை, மன்னிக்கமாட்டேன் என்றும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை, கேட்கப் பயமாக இருந்தது. வாசலில் செருப்பைப் போட்டுக்கொண்டே, "இடது காது பக்கம் வலிச்சா கடைக்கு வாங்க, சரிபண்ணித் தர்றேன்" என்றார். அவர் போன பிறகு அம்மா கேடயத்தைக் கழற்றித் துணியில் சுற்றி அலமாரியில் வைத்தாள். பிறகு என் எதிரில் உட்கார்ந்து, "ரெண்டு பஸ் மாறிப் போனதுக்கு இதுதான் காரணமா? அந்தக் கடையில சிரிச்சுச் சிரிச்சுப் பேசுவாளே ஒருத்தி, அவளுக்காகத்தான் போறீங்கன்னு நான் இருபது வருஷமா மனசுக்குள்ள சண்டை போட்டுக்கிட்டிருந்தேன்" என்றாள். எனக்குச் சிரிப்பு வந்தது, அவளுக்கு வரவில்லை. என்னிடம் சொல்லியிருக்கலாமே என்று மட்டும் ஒரு முறை கேட்டாள்.

இப்போது நீ செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். புதன்கிழமை எழுதியதை விட்டுவிடு. மூலப்படம் கெட்டுவிட்டது என்று யாரிடமும் சொல்லாதே. உள்ளே போடுவதா அட்டையில் போடுவதா என்று அவர் ஒன்றும் சொல்லவில்லை, அது உங்கள் இஷ்டம் என்றார். உள்ளே நூற்று ஐம்பதாம் பக்கத்தில் போட்டால் எனக்குச் சௌகரியம், அவ்வளவு தூரம் யாரும் புரட்டமாட்டார்கள். அதனால்தான் சொல்கிறேன், அட்டையிலேயே போடு. படத்துக்கு நேர் கீழே இந்த வரிகள் வர வேண்டும், ஒரு சொல்லையும் மாற்றாதே, அழகாக்காதே: "இதில் தட்டு ஏந்தி நிற்பவர் அன்று பந்தை விட்டவர் அல்லர். கேட்ட எண்ணில் சந்தேகம் இருந்தும் திரும்பக் கேட்காமல் இந்தத் தவறைச் செய்தேன். மூன்றாம் நாளே தெரிந்தும் முப்பத்தொரு வருடம் சொல்லாமல் இருந்தேன். வருந்துகிறேன்." கடைசிக்கு முந்தைய வரி அவர் கேட்டதில்லை, அவர் போன பிறகு நானாகச் சேர்த்தது. இதைப் பார்த்துப் பழைய அலுவலகத்தார் என்ன சொல்வார்கள், கேடயத்தைத் திருப்பிக் கேட்பார்களா, தெருவில் யார் என்ன கேட்பார்கள், பேரன் வளர்ந்து இதைப் படித்தால் தாத்தாவைப் பற்றி என்ன நினைப்பான் என்றெல்லாம் ஓடிக்கொண்டிருக்கிறது. சொல்லிவிட்டால் பயம் போய்விடும் என்று யாரோ சொல்லிக் கேட்டிருக்கிறேன், எனக்கு அப்படிப் போகவில்லை. எல்லாவற்றையும்விட, அந்தப் படத்தைப் பள்ளிக்கு எடுத்துப் போன பிள்ளை நீ, நீ என்ன நினைப்பாய் என்பதுதான் அதிகமாக இருக்கிறது. கோபம் வந்தால் உடனே போன் செய்துவிடு, நாள் கடத்தாதே, உன் மௌனத்தை என்னால் தாங்க முடியாது.

மாப்பிள்ளையிடம் இதை மறைக்காதே, நான் செய்த காரியத்தை நீ செய்ய வேண்டாம். வேலை வேலை என்று சாப்பாட்டைத் தள்ளிப்போடாதே. பேரனும் நீங்கள் இருவரும் நீண்ட ஆயுளோடு, யாருக்கும் பயந்து தெருவைச் சுற்றிப் போகாமல், நேராக நடந்து வாழ என் மனமார்ந்த ஆசிகள். அம்மாவின் ஆசிகளும், அவள் தனியாகப் பேசுகிறாளாம்.

ஒன்று மறந்துவிட்டேன். அந்த வரிகளை எந்த அளவில் போட வேண்டும் என்பதையும் அவர் சொல்லிவிட்டுத்தான் போனார். "அடியில பொடி எழுத்துல போட்டுடாதீங்க சார், நம்ம ஆட்டத்தைப் பார்த்தவன் எல்லாம் இப்ப அம்பது தாண்டினவன், எல்லாருக்கும் வெள்ளெழுத்து வந்தாச்சு" என்றார். புத்தகத்தின் தலைப்பு எந்த அளவோ அதே அளவில் போடு. இடம் போதவில்லை என்றால் என் பெயரைச் சின்னதாக்கிக்கொள்.

இப்படிக்கு,
உன்னிடமிருந்து வரப்போகும் போனுக்குப் பயந்தபடி காத்திருக்கும்
அப்பா